அருள்புரத்தில் துணிமேல் ஓடிய படம்

பிள்ளைகளா, உங்கள் அப்பா நான் பொறாமைப்பட்டதைச் சொல்கிறேன், கேளுங்கள்.

நான் மெக்கானிக்காக இருக்கும் திருப்பூர் பனியன் கம்பெனியின் துணி பின்னும் மிஷினுக்கு ஊசி வாங்க அருள்புரம் வந்திருக்கிறேன். ஊசிக் கடைக்காரர் படம் பார்க்கலாமென்று பக்கத்து ஷெட்டுக்கு என்னை இழுத்துப் போகிறார். உள்ளே இருட்டு. நாலு பக்கமும் பனியன் துணியைத் தொங்கவிட்டு, அந்த மாதிரி மிஷின் ஓடுவதைத் தானே எடுத்த படத்தை அதில் ஓட்டுகிறார் ஒரு பெண். சத்தம் தலைக்கு மேலும் முதுகுக்குப் பின்னாலும் கேட்கிறது. எல்லோரும் வாயைப் பிளந்து நிற்கிறார்கள். இருபது வருஷமாக நான் கேட்கிற அதே சத்தம்! எனக்கு யார் கைதட்டினார்கள்?

திடீரென்று படத்தில் ஊசி ஒடிந்த சத்தம். என் கை தானாக சுவிட்சைத் தேடித் துணியில் மோதுகிறது.

“ஏனுங்க, படத்துக்குள்ள போயி மிஷினை நிறுத்தப் போறீங்களா?” என்று கடைக்காரர் சிரிக்கிறார்.

“ஊசி ஒடிஞ்சிட்டுதுங்க” என்கிறேன், கூச்சத்தோடு.

படம் எடுத்த பெண் ஓடி வருகிறார். “எனக்குக் கேக்கவே இல்லீங்களே! எந்த இடமுங்க?”

மறுபடி ஓட்டுகிறார். காட்டுகிறேன். சந்தோஷமாக நோட்டில் எழுதிக்கொள்கிறார். இனி அந்தச் சத்தமும் அவருடையது. எனக்கு வயிறு எரிகிறது.

வெளியே வந்து, மிஷின் ஓடுகிற ஒரு கம்பெனியின் சுவரோரம் தனியாக நிற்கிறேன். கண்ணை மூடி, எந்தக் கோளாறையும் தேடாமல் சும்மா கேட்கிறேன். நான் திரும்ப வேண்டிய திருப்பூர் பஸ் வந்து போகிறது. நான் ஏறவில்லை.