பட்டாபிஷேகம் வரை கோழி இல்லை

டிவிக்கு டிஷ் பூட்டுகிறவனுக்குப் பாதி வேலை கூரையில், மீதி வேலை திட்டு வாங்குவதில். மழை தூறியதும் படம் நின்றுபோக, நீங்கள் வாய்க்கு வந்தபடி ஏசினீர்களே, அந்த ஆள் நான்தான். வத்தேகமப் பக்கத்துத் தோட்டங்களில் எனக்கு நல்ல வார்த்தை வாங்கித் தந்தது, காட்டுக்குப் போன இளவரசனின் தொடர் மட்டுமே.

சாமிக்கு மேலே

தேயிலைக் கொழுந்து பறிக்கும் சரசு அக்காவின் வீடு, வரிசையாக ஒட்டிக் கட்டிய லயத்தில் ஒன்று. தகரக் கூரையில் நின்று டிஷ்ஷைத் திருப்பினேன். கீழே படம் பளிச்சென்று வந்துவிட்டது. பாராட்டத்தான் ஓடி வருகிறார் என்று நினைத்தேன். அக்காவோ கையெடுத்துக் கும்பிட்டு என்னை இறங்கச் சொன்னார். என்னைப் போன்ற முஸ்லிம் ஆட்களை இங்கே 'நானா' என்றுதான் கூப்பிடுவார்கள்.

"சாமி வந்திருக்காரு நானா. அவரு தலைக்கு மேல நிக்காதீங்க. வெளம்பரம் போடட்டும், அப்புறம் ஏறுங்க."

திசை மாற்றியவர்கள்

கடலில் பாலம் கட்டும் கட்டம் வந்த வாரம், குரங்குக் கூட்டமொன்று டிஷ்ஷைப் பிடித்துத் தொங்கிக் கோணலாக்கிவிட்டது. மூன்றாவது தடவை வந்தபோது எனக்குப் பொறுமை போய்விட்டது. தடியோடு கிளம்பினேன். அக்கா தடியைப் பிடுங்கிக்கொண்டார்.

"அடிக்காதீங்க. அங்க இவங்க சொந்தக்காரங்கதானே கல்லு தூக்குறாங்க."

அண்ணனின் ரகசியம்

இளவரசன் வனவாசம் கிளம்பிய நாளிலிருந்து அந்த வீட்டில் மீன், இறைச்சி இல்லை. முடி சூடுவதைப் பார்த்த பிறகுதான் கோழி என்று அக்கா விரதம். தொடரிலோ ஓர் அம்பு போய்ச் சேர ஒரு வாரம் பிடிக்கும். அவர் கணவர் பெருமாள் அண்ணன், வயர் பிடிக்கிற சாக்கில் என்னைத் தனியே கூப்பிட்டார்.

"நானா, ஒங்க மெஷின்ல கதைய கொஞ்சம் வெரசா ஓட்ட வழியிருக்கா?"

ஈரத் தகரம்

தொடரில் போர் முடியும் நேரத்தில் பிலிமத்தலாவையில் ஈரக் கூரையில் வழுக்கி விழுந்து, காலை உடைத்துக்கொண்டு பேராதனை ஆஸ்பத்திரியில் கிடந்தேன். அதே வாரம் காற்று அக்காவின் டிஷ்ஷைத் திருப்பிவிட்டது. வேறு ஆளைக் கூப்பிடுங்கள் என்று போனில் நானே சொன்னேன். சொல்லிவிட்டுத் தூங்கவில்லை. ஒரு வீடு ஆள் மாறினால் லயம் முழுக்க மாறும். அந்த லயங்கள்தான் என் வீட்டு அடுப்பு.

ஆறு வாரம் கழித்து நொண்டிக்கொண்டு போனேன். டிஷ் கோணலாகவே நின்றது. பட்டாபிஷேகத்தை ஊரே பார்த்து முடித்திருந்தது. தான் விளக்கேற்றிக் கும்பிடும் வீட்டு டிவியில்தான் பார்ப்பேன் என்று, மற்றவர்கள் போனில் காட்டியதைக்கூட அக்கா பார்க்கவில்லை. பெருமாள் அண்ணன் இன்னும் பருப்பிலேயே இருந்தார். ஏன் வேறு ஆள் கூப்பிடவில்லை என்று அக்காவிடம் கேட்டேன்.

"வர்றவன் நேரா கூரைக்கு ஏறுவான். நீங்கதானே வெளம்பரத்துக்குக் காத்து நிப்பீங்க."

எனக்குக் கண் நிறைந்துவிட்டது, மறைக்கவும் முடியவில்லை. நான் கீழிருந்து சொல்லச் சொல்ல, பெருமாள் அண்ணன் மேலே டிஷ்ஷைத் திருப்பினார். அந்த ஞாயிறு கடைசிப் பகுதியை மறுபடி போட்டார்கள். முடி சூடியதும் அக்கா கற்பூரம் காட்டினார். அண்ணன் அதற்குள் சேவலோடு வந்து என்னிடம் நீட்டினார்.

"நீங்களே அறுத்துக் குடுங்க நானா. அப்பத்தானே நீங்களும் எங்களோட சாப்பிடலாம்."

அல்ஹம்துலில்லாஹ், முடி சூடியது இளவரசன்தான் என்றாலும், அன்று முதல் பந்தியில் கோழிக்கால் கிடைத்தது கால் உடைந்தவனுக்கு.