மேடேறிய லாரி

ஐம்பதுகளின் கடைசியில் கொடைக்கானலில் ஒரு பள்ளியில் இயற்பியல் ஆசிரியராக இருந்தேன். பெருமாள்மலைக்குப் பக்கத்தில் காப்பித் தோட்டம் வைத்திருந்த ஒரு முதலாளி ஒருநாள் எனக்கு ஆளனுப்பினார். அவருடைய லாரி தோட்டத்துச் சாலையில் பாறையில் மோதி முன்பக்கம் நொறுங்கியிருந்தது. ஏற்றத்தில் நிறுத்திவிட்டு டீ குடிக்கப் போனதாகவும், வண்டி தானாகவே மேட்டில் ஏறிப்போய் இடித்ததாகவும் டிரைவர் சொன்னார். படித்தவன் என்பதால் என் கருத்தைக் கேட்டார் முதலாளி.

"ஏலே, லாரிக்குக் காலு மொளச்சு மேட்டுல ஏறுச்சாக்கும்?" என்றார் கணக்குப்பிள்ளை. எல்லோரும் சிரித்தார்கள். நானும்தான்.

சாலையைப் பார்த்தேன். லாரி போன திசையில் அது சந்தேகமில்லாத ஏற்றம். வண்டி பின்னால் உருளாமலிருக்க, மலை வழக்கப்படி டிரைவர் பின்சக்கரத்துக்குப் பின்னால் வைத்த கல்லும் அங்கேயே கிடந்தது. எஞ்சின் ஓடாமல் வண்டி முன்னேறியிருக்காது, இவர்தான் ஓட்டியிருக்கிறார் என்றேன். வேறொரு வண்டியை அதே இடத்தில் நிறுத்திப் பார்க்கும்படி டிரைவர் கெஞ்சினார். புவியீர்ப்பை நான் சோதிக்க வேண்டியதில்லை என்று சொல்லிவிட்டேன். அன்றே அவருக்கு வேலை போயிற்று. பொய்யன் என்று பெயரானதால் வேறெந்தத் தோட்டமும் அவரைச் சேர்க்கவில்லை.

இரண்டு வருடம் கழித்து, நல்ல மழையில் அந்த வழியாக நடந்து வந்தேன். சாலையோர வாய்க்காலில் தண்ணீர் மேட்டை நோக்கி ஓடிக்கொண்டிருந்தது. குடையோடு அப்படியே நின்றுவிட்டேன். மறுநாள் கொத்தனாரிடம் ரசமட்டம் வாங்கிப்போய் வைத்துப் பார்த்தேன். அது ஏற்றமே இல்லை, இறக்கம். செங்குத்தாக இறங்கி வரும் சாலையின் சரிவு அந்த இடத்தில் கொஞ்சம் குறைகிறது. மலை அடிவானத்தை மறைத்துவிடுவதால் ஒப்பிட்டுப் பார்க்க எதுவும் இல்லை. மெல்லிய இறக்கத்தை மூளை ஏற்றமாக எடுத்துக்கொள்கிறது. டிரைவரும் அப்படி ஏமாந்துதான் கல்லைத் தப்பான பக்கம் வைத்திருக்கிறார்.

விசாரித்துப் போய் வத்தலக்குண்டு சந்தையில் அவரைக் கண்டுபிடித்தேன். வாழைத்தார் சுமந்துகொண்டிருந்தார். நடந்ததைச் சொல்லி மன்னிப்புக் கேட்டேன். தாரை இறக்கி வைத்துவிட்டுப் பொறுமையாகக் கேட்டார்.

"என் கண்ணுந்தான் ஏமாந்துச்சு சார். அதுக்கு உங்களச் சொல்லி என்ன? ஆனா, தெரியலைன்னு ஒரு வார்த்த நீங்க சொல்லியிருந்தா என்னைய வேலையில வச்சிருந்திருப்பாங்க."

முதலாளியை நேரில் போய்ப் பார்த்தேன். வேறு டிரைவர் வந்தாயிற்று என்றார்.

அதன்பின் முப்பது வருடம் பாடம் நடத்தினேன். விடை தெரியாதபோது தெரியவில்லை என்று பிள்ளைகளிடம் கூசாமல் சொல்லப் பழகினேன். ஆனால் அந்தச் சொல் ஒருவருடைய பிழைப்பைக் காப்பாற்றியிருக்கக்கூடிய அந்த ஒரு நாளில் அது என் வாயில் வரவில்லை.