தறிக்குழியில் சுவர்க்கோழி

அந்த அமாவாசைக் காலையில் வீட்டில் இருந்தவர்கள் இவர்கள். நான். என் சம்சாரம். என் மாமனார், அவளுடைய அப்பா. கூண்டில் ஒரு கவுதாரி. தறிக்குழியில் சுவர்க்கோழிகள். அவை எத்தனை என்று யாருக்கும் தெரியாது.

சுவர்க்கோழி என்றால் கிர்ர் கிர்ர் என்று கத்துகிற பழுப்புப் பூச்சி. எங்கள் வீட்டுக்கு அது தானாக வரவில்லை. மாமனார் கொண்டுவந்தார், பானையில்.

அவருக்கு மாகறல் பக்கம் ஊர். குத்தகைக்குப் பயிர் வைத்தவர். மாமியார் செத்துப்போன வருஷமே நிலத்தை நிலத்துக்காரர் எடுத்துக்கொண்டார். அடுத்த மழையில் வீட்டுக் கூரை உட்கார்ந்துவிட்டது. ஒரே பெண். என் சம்சாரம் போய்க் கூட்டிவந்தாள். ஒரு கையில் துணிமூட்டை, ஒரு கையில் கூண்டு.

"நாலு நாள் இருந்துட்டு போறேன் மாப்ள" என்றார்.

அது மாசி மாசம். நான் சொல்வது ஆவணி. நடுவில் எத்தனையோ தடவை "வர வெள்ளிக்கிழமை கிளம்பறேன்" என்று சொல்லிவிட்டார். பெண் கொடுத்த வீட்டில் கை நனைத்துக்கொண்டு இருப்பது அவருக்குக் கூச்சம். இரண்டு கவளம் சாப்பிடுவார், போதும் என்று எழுந்துவிடுவார். என் சம்சாரம் திட்டுவாள்.

"அந்தக் கவுதாரி உன்னவிட அதிகமா துன்னுது நைனா."

"அது உழைக்குது, துன்னுது" என்பார். கவுதாரி என்ன உழைத்தது என்று நாங்கள் கேட்டதில்லை. விடியற்காலையில் கத்தும். அதுதான் அதன் வேலை.

கவுதாரிக்கு கம்பு போட்டால் பொறுக்கும். ஆனால் உயிர்ப்பூச்சி வேண்டும். அதற்காக அவர் தினமும் விடிந்ததும் திருப்பருத்திக்குன்றம் போகிற வழியில் வயல்பக்கம் போவார். கல்லைப் புரட்டுவார். வைக்கோலைத் தள்ளுவார். சுவர்க்கோழி, வெட்டுக்கிளி, கறையான், எது கிடைத்தாலும் துண்டில் முடிந்துகொண்டு வருவார். அந்த ஒரு வேலைக்குப் போகும்போது மட்டும் வேகமாக நடப்பார். சாயங்காலம் கூண்டைத் திறந்துவிடுவார். கவுதாரி வீட்டுக்குள் அவர் பின்னாலேயே நடக்கும். அவர் நின்றால் நிற்கும்.

அந்த ஆவணியில் மழை வலுத்தது. நாலு நாள் சேர்ந்தாற்போல் வெளியே போக முடியாது என்று பார்த்தார். ஒரே நாளில் நிறையப் பிடித்து ஒரு சட்டிப்பானையில் போட்டார். கொஞ்சம் புல், ஒரு பிடி நொய். வாயைத் துணியால் கட்டினார். வெயில் பட்டால் பூச்சி செத்துவிடும். வீட்டிலேயே குளிர்ச்சியான, இருட்டான இடமாகத் தேடினார். கிடைத்தது தறிக்குழி.

எங்களுடையது குழித்தறி. தரையில் வெட்டிய குழியில் காலை விட்டு உட்கார்ந்து மிதிக்க வேண்டும். பட்டுப்பாவு, அதாவது நீளவாட்டு இழைகள், குழிக்கு மேலே தொடங்கி, கூடம் முழுக்க இழுத்துக் கட்டியிருக்கும். பயிர் வைக்கிறவருக்கு அது ஒரு குழி. அவ்வளவுதான். நான் சாப்பிட எழுந்த நேரத்தில் பானையை மிதிப்பலகைக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, மழை விட்டதா பார்க்க வாசலுக்குப் போய்விட்டார். என்னிடம் சொல்லவில்லை. எதற்குத் தொந்தரவு என்று நினைத்திருப்பார்.

சாப்பிட்டு வந்து உட்கார்ந்தேன். காலை விட்டேன். பானை உடைந்தது.

முழங்கால் வரைக்கும் ஏறின. நான் எழுந்து குதித்ததில் என் சம்சாரம் பாம்பு என்று நினைத்து விளக்குமாறோடு வந்தாள். மாமனார் ஓடிவந்தார். உடைந்த பானையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார்.

"தப்பு பண்ணிட்டேன் மாப்ள."

"ஒடச்சது என் கால் மாமா. பூச்சிதானே, போவும்" என்றேன்.

போகவில்லை. குழிச்சுவர் மண்சுவர். வெடிப்பு நிறைய. உள்ளே போய் உட்கார்ந்துகொண்டன. கொஞ்சம் வீட்டுக்குள் கிளம்பின. ஒன்று மோரில் விழுந்து கிடந்தது. ஒன்று என் சம்சாரத்தின் அரிசித் தவலைக்குள் இருந்து கத்தியது.

மறுநாள் காலையில் பாவைப் பார்த்தேன். ஏழு இடத்தில் இழை அறுந்து தொங்கியது. பாவுக்கு அரிசிக்கஞ்சி போட்டிருப்போம். அந்த வாசனைக்கு வந்து கடித்திருக்கிறது. பட்டு அதற்கு வேண்டாம், கஞ்சிதான் வேண்டும். கடித்தால் இரண்டும் போகும்.

அது அரக்குநிற முகூர்த்தப் புடவை. ஆவணிக் கடைசி முகூர்த்தத்துக்குப் போக வேண்டியது. முதலாளி கொடுத்த பாவு. விரலில் சாம்பல் தொட்டு இழையைச் சேர்த்தேன். மாமனார் கொஞ்ச தூரத்தில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். கடைசி இழையைச் சேர்க்கிறவரைக்கும் உட்காரவில்லை.

அதற்கு அடுத்த நாள் பத்துக்கு மேல் அறுந்திருந்தது.

அன்று காலை எதிர்வீட்டுக்காரர் வந்தார். அவரும் நெசவுக்காரர். வீட்டில் தெலுங்கு பேசுவார், தெருவில் எல்லாம் பேசுவார்.

"ஏமி பா, மாமனாரு சீதனம் கொண்டாந்தாராமே? பூச்சி சீதனம்!"

மாமனார் உள்ளே இருந்தார். கேட்டிருக்கும்.

எதிர்வீட்டுக்காரர் கெட்டவர் இல்லை. கையில் ஒரு பொட்டலம் வைத்திருந்தார். கொசுவுக்கு வீடு வீடாக மருந்தடிக்க வருவார்களே, அந்த மாதிரி வெள்ளைப் பவுடர்.

"குழி பூரா தூவு பா. ஒரே நாள்ல சுத்தம்."

மருந்து தின்ற பூச்சி உடனே சாகாது. தள்ளாடிக்கொண்டு வெளியே வரும். சாயங்காலம் கவுதாரி நடக்கிற தரைக்குத்தான் வரும். நான் பொட்டலத்தை வாங்கவில்லை.

"வேணாம் ணா. பாவு கறையாயிடும்."

"பட்டுக்கு ஒண்ணும் ஆவாது பா. என் தறியில போட்டேனே, என்ன ஆச்சு?"

"என் பாவுக்கு ஆவும்."

ஆகாது. எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். என்னை ஒரு மாதிரி பார்த்துவிட்டுப் போனார். திரும்பினேன். மாமனார் கதவோரம் நின்றுகொண்டு கூண்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அன்று மத்தியானம் இழை சேர்த்துக்கொண்டிருந்தபோது என் சம்சாரம் பக்கத்தில் வந்து குந்தினாள். குரலைத் தாழ்த்திப் பேசினாள்.

"நைனா மூட்டை கட்டிக்கினு இருக்குது. நாளைக்கு அமாவாசை கழிஞ்சதும் மறுநாள் கிளம்புதாம்."

"எங்க?"

"ஊருக்குத்தான். அங்க கூரை இல்ல. சோறு பொங்கிப்போட ஆள் இல்ல. போனா ஒரு மழைக்கு தாங்காது." கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நீங்க ஒரு வார்த்தை சொல்லுங்க."

"இன்னா சொல்றது?"

"இருன்னு சொல்லுங்க. நான் சொன்னா கேக்காது. பொண்ணு சொல்றது வேற, மாப்ள சொல்றது வேற."

எனக்கு அது வரவில்லை. நான் பிறந்த வீட்டிலும் யாரும் யாரையும் இரு என்று சொன்னதில்லை. சோறு போடுவோம். வாயைத் திறந்து சொன்னால், போகச் சொல்லலாமா என்று யோசித்த மாதிரி ஆகிவிடும் என்று எனக்கு ஒரு எண்ணம். தப்பாகக்கூட இருக்கலாம். இழையைச் சேர்த்தேன். அவள் கொஞ்ச நேரம் இருந்து பார்த்துவிட்டு எழுந்துபோனாள்.

அமாவாசைக்குத் தெருவில் தறி ஓடாது. மற்ற நாளில் வீட்டுக்கு வீடு டக் டக் என்று அடித்துக்கொண்டே இருக்கும். பக்கத்தில் இருப்பவர் தும்மினால்கூட கேட்காது. அன்று ஒருநாள்தான் எங்கள் தெருவில் குருவி சத்தம் கேட்கும்.

காலையில் மழை விட்டு வெயில் அடித்தது. குழியிலிருந்து கிர்ர் என்று வந்தது. நானும் மாமனாரும் ஒருவரை ஒருவர் பார்த்தோம்.

"இருட்டுன்னு நெனச்சிக்கினு பகல்லயும் கத்துது மாப்ள" என்றார். "சத்தத்த வச்சே புடிக்கலாம்."

பாவின் மேல் என் சம்சாரத்தின் பழைய புடவை இரண்டைப் போர்த்தினோம். நான் குழிக்குள் இறங்கினேன். மாமனார் விளிம்பில் குப்புறப் படுத்தார். குழிக்குள் வெளிச்சம் இல்லை. என் சம்சாரம் முகம் பார்க்கிற கண்ணாடியை எடுத்துக்கொண்டு வாசலில் நின்று வெயிலைத் திருப்பி உள்ளே அடித்தாள். கை வலித்தால் கை மாற்றுவாள். அப்போது வெளிச்சம் கூரையெல்லாம் ஓடும்.

மூன்று பேரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு இருப்போம். கத்தும். மாமனார் விரலை நீட்டுவார். நான் அந்த வெடிப்பில் துடைப்பக்குச்சியை விடுவேன். வெளியே குதிக்கும். அவர் உள்ளங்கையைக் குவித்து மூடுவார். ஒன்றைக்கூட நசுக்கவில்லை. சொம்பில் போட்டுக் கொட்டாங்குச்சியால் மூடுவார்.

நடுவில் எதிர்வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார்.

"இன்னா பா, மாமனாரும் மருமவனும் பொதையல் தேடறீங்களா?"

"ஷ்ஷ்! வாய மூடுங்க ணா" என்றாள் என் சம்சாரம். "பேசனா நின்னுடும்."

அவர் செருப்பைக் கழற்றிவிட்டு மெதுவாக வந்து சுவரோரம் உட்கார்ந்தார். கொஞ்ச நேரம் கழித்து அவரும் விரலை நீட்டினார். சரியாகத்தான் காட்டினார்.

அடியில் ஒரு வெடிப்பு ஆழமாகப் போயிருந்தது. குச்சி எட்டவில்லை. மாமனார் எழுந்துபோய் கவுதாரியைக் கொண்டுவந்தார். காலில் நூல் கட்டியிருந்தார்.

"பாவுல கால் வச்சுதுன்னா இன்னைக்கு அதான் கொழம்பு நைனா" என்றாள் என் சம்சாரம்.

"அமாவாசைல கொழம்பா? வைக்காது மா. அதுக்கு தெரியும்."

குழிக்குள் விட்டார். கவுதாரி தலையைச் சாய்த்து நின்றது. அதுவும் எங்களைப் போலவே கேட்டது. அப்புறம் வெடிப்புக்குள் மூக்கை விட்டு மண்ணைக் கிளறி ஒன்றை இழுத்தது. இன்னொன்று. பிறகு நான் தினமும் கால் வைக்கிற இடத்தில் எச்சம் போட்டது. எதிர்வீட்டுக்காரர் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினார். மாமனாரும் சிரித்தார். இந்த வீட்டுக்கு வந்த பிறகு அவர் சிரித்து நான் அன்றுதான் பார்த்தேன். மேல்பல் ஒன்று இல்லை. அதுவும் அன்றுதான் தெரிந்தது.

உச்சிவேளைக்குச் சத்தம் நின்றுவிட்டது. எதிர்வீட்டுக்காரர் எழுந்துபோனார். நாங்கள் இன்னும் கொஞ்ச நேரம் காது கொடுத்துக்கொண்டு இருந்தோம். ஒன்றும் இல்லை.

"முடிஞ்சுது" என்றாள் என் சம்சாரம். கண்ணாடியை மடியில் வைத்துக்கொண்டு தோளைப் பிடித்துவிட்டுக்கொண்டாள். அவள் முகத்தில் சந்தோஷம் இல்லை. முடிந்தால் மறுநாள் அவர் கிளம்பிவிடுவார்.

மாமனார் கவுதாரியைத் தடவிக்கொண்டே சொன்னார். "கத்தறது எல்லாம் ஆம்பள மாப்ள. பொட்டை கத்தாது. அது ஒண்ணு ரெண்டு உள்ள இருக்கும். மன்னிச்சிக்கணும்."

நான் குழிக்குள்ளேயே நின்றுகொண்டிருந்தேன். என் தலையும் அவர் தலையும் ஒரே உயரத்தில் இருந்தன.

"பொட்டை முட்டை வைக்குமா மாமா?"

"வைக்கும். ஈரமண்ணா பாத்து வைக்கும்."

"இந்த மண்ணு?"

குனிந்து ஒரு துளி எடுத்து விரலில் தேய்த்தார். "வைக்கும்" என்றார், ரொம்ப மெதுவாக.

"எத்தினி நாள்ல பொரிக்கும்?"

"பத்து. பதினஞ்சும் ஆவும்."

"பொரிச்சா?"

"எறும்பு மாதிரி இருக்கும். அப்புறம் வளரும்."

"எனக்கு பாவ பாக்கத்தான் கண்ணு இருக்குது" என்றேன். "எறும்பா, பூச்சியான்னு எனக்கு தெரியாது. அவளுக்கும் தெரியாது. நீங்க நாளைக்கு போவ முடியாது."

அவர் கவுதாரியின் காலில் இருந்த நூலை அவிழ்க்கப் பார்த்தார். முடிச்சு வரவில்லை. என் சம்சாரம் வந்து அவிழ்த்துவிட்டு, அப்படியே எழுந்து உள்ளே போனாள். அரிசி களைகிற சத்தம் கேட்டது. வழக்கத்தைவிட அதிகமாகப் போட்டாள் என்று சத்தத்திலேயே தெரிந்தது.

"பதினஞ்சு நாள்" என்றார் மாமனார்.

"சரி" என்றேன்.

அன்று அவர் மூன்றாம் தடவை சோறு வாங்கிச் சாப்பிட்டார். மறுநாளிலிருந்து, நான் தறியில் உட்காருமுன் அவர் குழிக்குள் இறங்கிச் சுவரைப் பார்ப்பார். "உக்காருங்க மாப்ள" என்பார். அப்புறம்தான் நான் காலை விடுவேன். புடவை முகூர்த்தத்துக்குப் போய்ச் சேர்ந்தது. முட்டை பொரித்ததா என்று எனக்குத் தெரியாது. பதினைந்தாம் நாள் வந்தது. அதைப் பற்றி யாரும் பேசவில்லை. துணிமூட்டையை என் சம்சாரம் எப்போதோ பிரித்து வேட்டிகளைக் கொடியில் போட்டிருந்தாள்.

அதற்கப்புறம் அவர் எங்கள் வீட்டில் இருந்தது பன்னிரண்டு வருஷம்.