ஒற்றைக்கை வாள்காரியின் மூவாயிரம் படங்கள்

கண்ணாடிக் கடையில் லென்ஸ் தேய்க்கும் அவருக்கு வயது நாற்பத்தாறு. ஒரு வீடியோ கேமில் வரும் ஒற்றைக்கை வாள்காரி என்றால் உயிர். கேமை அவர் ஆடியதே இல்லை. ஐந்து நிமிடம் பார்த்தாலே தலை சுற்றும். படங்கள் போதும் அவருக்கு. வாளைத் தோளில் சாய்த்து, வேலை முடிந்து பஸ்ஸுக்கு நிற்பவளைப் போலக் களைத்து நிற்பாள். அந்த முகம் பிடித்துப்போயிற்று. இதற்கெல்லாம் காரணம் கேட்டால் யாரிடம் பதில் இருக்கிறது?

ஆறு வருடத்தில் மூவாயிரத்துச் சொச்சம் வால்பேப்பர்கள். சேர்ப்பதிலும் தொழில் புத்திதான். லென்ஸில் கீறல் தேடுகிற கண்ணாயிற்றே! ஓரம் லேசாக மங்கியிருந்தாலும் தயவு தாட்சண்யம் பார்க்காமல் தள்ளிவிடுவார். தேறியதில் ஒன்றை மாதம் பிறந்ததும் வீட்டு லேப்டாப் திரையில் வைப்பார்.

மனைவி கேட்டால், "அதுவா மாறிக்குது" என்பார். இந்த வயதில் பொம்மைப் படம் சேர்ப்பதாகத் தெரிந்தால் முகத்தை எங்கே கொண்டுபோய் வைத்துக்கொள்வது? ஃபோல்டருக்கு 'பழைய வாரண்டி' என்று பெயர் கொடுத்து நிம்மதியாக இருந்தார். அதை யார் திறந்து பார்க்கப்போகிறார்கள்!

யாரும் திறக்கவில்லைதான். தையல் வகுப்பு வீடியோக்களுக்கு இடம் போதாமல், மனைவி திறக்காமலேயே அழித்துவிட்டாள். குப்பைத் தொட்டியையும் காலி செய்திருந்தாள். எதையும் அரைகுறையாகச் செய்கிற பழக்கம் அவளுக்குக் கிடையாது. மறுபடி தேடலாமென்றால், அவளை வரைந்து இணையத்தில் போட்டவர்களில் பாதிப் பேர் தங்கள் பக்கங்களையே மூடிவிட்டார்கள்.

அன்று அவர் தட்டைத் தொடவில்லை.

"வாரண்டி போனதுக்கா இப்படி இடிஞ்சு போய் உக்காந்திருக்கீங்க?"

"வாரண்டி இல்ல. அவ படம்."

"எவ படம்?"

அந்தக் குரலைக் கேட்டபிறகு மறைத்துப் பயனில்லை. எல்லாவற்றையும் கொட்டிவிட்டார். மனைவி சிரிக்கவில்லை.

"அந்த ஒத்தக் கைக்காரியா?" என்று தன் போனை எடுத்து நீட்டினாள். "அடுத்த மாசம் மாறிடுமே, அதான் ஒவ்வொண்ணையும் புடிச்சு வெச்சேன். எனக்கும் அவள புடிக்கும்."

லேப்டாப் திரையைப் போனில் எடுத்த படங்கள். ஐம்பதுக்கு மேல் இருக்கும். எல்லாம் கோணல், ஜன்னல் வெளிச்சம் பட்டுக் கண் கூசியது. ஒன்றுகூட அவர் கையில் தேறியிருக்காது. எல்லாவற்றிலும் வாள்காரியின் மேல், திரையின் பளபளப்பில், போனைத் தூக்கிப் பிடித்தபடி மனைவியும் மங்கலாக நின்றாள்.

அவர் ஒவ்வொன்றாக நகர்த்திக் கடைசிவரை பார்த்தார். "எல்லாத்தையும் எனக்கு அனுப்பு."

"என் மூஞ்சி விழுந்திருக்கே. வெட்டிட்டு அனுப்பவா?"

"ஒண்ணையும் வெட்டாத" என்றார்.