அப்பா நடிகரின் சொந்தக் குரல்

தொண்டையை இப்படிப் பொத்திப் பொத்திப் பாதுகாத்த மனிதரை நான் பார்த்ததில்லை. துபாயில் நான் கார் ஓட்டும் ஹோட்டலுக்கு வந்திருந்த துருக்கி நடிகர் அவர். வெள்ளைத் தாடி, சற்றே தளர்ந்த தோள்கள். பாதி ஆயுசை நாடக மேடையில் கழித்துவிட்டு, சீரியலில் அப்பா வேடத்துக்கு வந்தவராம். எங்கே இறங்குவதானாலும் பிளாஸ்க்கிலிருந்து ஒரு வாய் வெந்நீர் குடித்து, மெதுவாக முனகிப் பார்த்துக்கொள்வார்.

துபாயிலேயே கராமா பகுதியில் எங்கள் வீட்டில் இருக்கும் என் மனைவி, அவருடைய சீரியலைத் தமிழ் டப்பிங்கில் விடாமல் பார்ப்பவள். அதைச் சொன்னதும், “போன் போடுங்கள், பேசுகிறேன்” என்றார். ஸ்பீக்கரில் அரைகுறை ஆங்கிலத்தில் நலம் விசாரித்தார்.

அவள் என்னிடம், “ஏங்க, யாரையோ பேச வச்சு ஏமாத்துறீங்களா? அவரு குரல் சிங்கம் மாதிரி இருக்கும். இது என்ன, சளி பிடிச்ச மாதிரி?” என்றாள்.

“என்ன சொல்கிறார்?” என்று அவர் கேட்டார். மழுப்ப மனம் வரவில்லை, சொல்லிவிட்டேன்.

அவர் முகம் வாடிவிட்டது. “அரபியில் ஒருவர், தமிழில் ஒருவர். ஊருக்கு ஊர் எனக்காக வேறு யாரோ அழுகிறார்கள். என் குரலை இங்கே யாருக்கும் தெரியாது” என்றார்.

பிறகு அந்த சீரியலிலிருந்து ஒரு காட்சியைத் தன் மொழியிலேயே பேசினார். பாதியில் அந்தக் கரகரத்த குரல் உடைந்தது. ஒரு வார்த்தையும் புரியாமலே நான் வண்டியை ஓரங்கட்டினேன்.



“அவரேதாங்க” என்றாள் என் மனைவி போனில், மெதுவாக. “பொண்ணைப் புருஷன் வீட்டுக்கு அனுப்புற இடம். அங்கதான் குரல் இப்படி உடையும்.”

நான் ஆங்கிலத்தில் சொல்ல வாயெடுப்பதற்குள் அவர் தலையாட்டிவிட்டார், கண்ணைத் துடைத்துக்கொண்டே. அவள் சொன்னது அவருக்கு எப்படிப் புரிந்தது என்று எனக்கு இன்னும் தெரியவில்லை.