உதடு குவியாதவள்

வாயில் தக்கையைக் கடித்துக்கொண்டுதான் லியான் ஸ்டாதர்ஸ் வெங்காயம் நறுக்குவாள். ஒயின் புட்டித் தக்கை. முன்பற்களுக்கு நடுவே செங்குத்தாக நிற்கும். அது விழாமல், கண்ணில் பட்டதையெல்லாம் உரக்கப் படிப்பாள். மின்கட்டண நினைவூட்டல், சூப் டப்பாவின் பின்பக்கம், வீட்டுச் சொந்தக்காரர் ஒட்டிவிட்டுப் போன குப்பைத்தொட்டி விதிகள். லண்டனில் லூவிஷம் பகுதியில் அவளோடு தங்கியிருக்கும் மூன்று பேரும் அந்த நேரத்தில் சமையலறைப் பக்கம் தலைவைத்துப் படுப்பதில்லை. ஊரிலிருந்து வந்த அம்மா மாண்டி ஒருமுறை வாசலில் நின்று பார்த்துவிட்டு, "நாய் எலும்பைக் கவ்வுன மாதிரி நிக்கிறியேடி, இதுக்கா மூணு வருஷம் படிச்ச?" என்று கேட்டாள்.

தக்கைப் பயிற்சி நாடகப் பள்ளி கொடுத்தது. நாக்கும் உதடும் சோம்பக் கூடாது, பேச்சு லண்டன் மேடைக்கு ஏற்றபடி திருந்த வேண்டும் என்று கொடுத்தார்கள். லியான் முதல் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டாள். தக்கை இருந்தாலும், வடக்கே அவள் பிறந்த துறைமுக ஊரான ஹல்லின் பேச்சுதான். எடுத்துவிட்டாலும் ஹல் பேச்சுதான்.

ஹல்காரர்கள் வாயில் 'ஓ' நுழையாது. போன் அங்கே 'ஃபெர்ன்'. ரோடு 'ரெர்ட்'. முடியாது என்று சொல்வதற்கான 'நோ'கூட 'நெர்' என்றுதான் வரும். உதடு குவியாது, பக்கவாட்டில் இழுபடும். லண்டனில் அதைக் கேட்டால் சிலருக்குச் சிரிப்பு வரும். லியான் இருபத்துமூன்று வயதுப் பெண், குள்ளம், பளு தூக்குகிறவள்போல அகலத் தோள். சிரிப்பவர்களை முகம் மாறாமல் பார்த்துக்கொண்டே நிற்பாள். அடங்கியதும், "ஆச்சா?" என்பாள். பிறகு விட்ட இடத்திலிருந்து தொடர்வாள்.

அவளுடைய நடிப்புப் படிப்பு பதினான்கு வயதில், ஹல்லின் ஹோல்டர்னஸ் சாலையில், ஒரு கம்பளக் கடையின் மாடியில் தொடங்கியது. செவ்வாய்க்கிழமைகளில் இலவச வகுப்பு. நடத்தியவள் கொரின் என்ற பெண், பகலில் கார் ஓட்டக் கற்றுத்தருபவள். மேடை கிடையாது, வேஷம் கிடையாது. அன்று நடந்த ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். பிறகு அதையே மறுபடியும். பிறகு மூன்றாம் தடவை. ஒரு சொல் கூடினாலும் குறைந்தாலும் கொரினின் வலது கால் தரையை அழுத்தும், பிரேக் போடுகிற மாதிரி. அப்போது லியான் மாலையில் மீனும் சிப்ஸும் விற்கிற கடையில் வேலை பார்த்தாள். சிப்ஸ் மேல் சிவப்பு மசாலா சரியாகத் தூவவில்லை என்று ஒருவன் கல்லாவைத் தட்டிச் சண்டை போட்ட கதையை ஏழு தடவை சொன்னாள். ஏழு தடவையும் வகுப்பு ஒரே இடத்தில் சிரித்தது.

மாண்டிக்கு இதெல்லாம் பிடிக்கவில்லை. அவள் கேரவன் என்கிற சக்கர வீடுகள் செய்யும் தொழிற்சாலையில் திரைச்சீலை தைப்பவள். மகளுக்கும் அங்கே ஓர் இடம் பேசி வைத்திருந்தாள். லண்டன் பள்ளியில் உதவித்தொகையோடு இடம் கிடைத்த கடிதம் வந்தபோது, அந்த ஊரில் உன்னை வேலைக்காரியாகத்தான் நடிக்க விடுவார்கள் என்று சொல்லிவிட்டுத் தையலைத் தொடர்ந்தாள். அது முழுப் பொய்யும் இல்லை.

பள்ளியில் குரல் பயிற்சி இமோஜென் என்பவளுடையது. கெட்டவள் அல்ல, தன் வேலையை நம்புகிறவள். ஊர்ப்பேச்சை விட வேண்டாம், மேலங்கி மாதிரி வாசலில் மாட்டிவிட்டு உள்ளே வந்தால் போதும், போகும்போது எடுத்துக்கொள்ளலாம் என்று முதல் நாளே எல்லோருக்கும் சொன்னாள்.

"மேலங்கின்னா மாட்டலாம்," என்றாள் லியான். "இது தோலாச்சே. இதுக்குக் கொக்கி எங்க இருக்கு?"

வகுப்பு சிரித்தது, இமோஜென் சிரிக்கவில்லை. ஆனால் ஆண்டிறுதித் தேர்வில் லியான் ஒரு பிரபுவின் மனைவியாக நடித்தாள். ஓ ஒவ்வொன்றும் முட்டை போல உருண்டு விழுந்தது. குறை சொல்ல ஒரு எழுத்துகூடக் கிடைக்காமல் இமோஜென் முழு மதிப்பெண் போட்டாள். மேடையை விட்டு இறங்கிய லியான் நேராகச் சிற்றுண்டிச்சாலைக்குப் போய், பச்சை ஹல் பேச்சில் தேநீர் கேட்டாள். லண்டன் பேச்சு வராததால் பேசாமல் இருக்கவில்லை, வேண்டாததால்தான் பேசவில்லை என்று அன்றைக்கு எல்லோருக்கும் தெரிந்துபோயிற்று.

படிப்பு முடிந்ததும் ஒரு மருத்துவமனையின் தொலைபேசி மேசையில் மாலை வேலை. ஒரு நாளைக்கு நானூறு அழைப்புகள். எட்டு மாதம் கழித்து முதல் தொலைக்காட்சி வேஷம் வந்தது. ஒரு துப்பறியும் தொடர். கதை நடப்பது வடக்கே ஒரு துறைமுக ஊரில். காணாமல்போனவனைக் கடைசியாகப் பார்த்த சிப்ஸ் கடைப் பெண் அவள். பாத்திரத்துக்குப் பெயர்கூட இல்லை. வசனம் மூன்றே வரி: "இல்லை." "வீட்டுக்குப் போன் பண்ண வேண்டும் என்றார்." "ரோட்டைக் கடந்து போனார்." ஆங்கிலத்தில் அந்த மூன்று வரிக்குள் நான்கு ஓ.

படப்பிடிப்பில் உடைகளைக் கவனிக்கும் பெண் மெல்வதற்கு ஒரு பபிள்கம் நீட்டினாள். இயக்குநர் டொமினிக்கின் யோசனையாம். சிப்ஸ் கடைப் பெண் கொஞ்சம் மந்தமாகத் தெரிய வேண்டுமாம். கொதிக்கிற எண்ணெய்க்கு முன்னால் நிற்பவள் பபிள்கம் மென்றால் முதலாளி அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிவிடுவார், நான் இரண்டு வருஷம் நின்றிருக்கிறேன் என்று சொல்லி லியான் வாங்க மறுத்தாள். டொமினிக் விட்டுக்கொடுத்தார். பேச்சையாவது பொதுவான வடக்கத்திப் பேச்சாக மாற்றிக்கொள்ள முடியுமா என்று கேட்டார்.

"எந்த ஊர்ல பொதுவா பேசுறாங்க, சொல்லுங்க. பஸ் பிடிச்சுப் போய்க் கேட்டுட்டு வரேன்."

வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. அப்படியே எடுத்தார்கள்.

ஆறு வாரம் கழித்து ஒலிக்கூடத்துக்கு வரச்சொன்னார்கள். பேச்சு தெளிவில்லை, மறுபடி பேசித் தர வேண்டும், இல்லையென்றால் வேறொருத்தியின் குரலைப் போடுவார்கள். அவளுக்கு வேலை பிடித்துத் தரும் முகவர் பியர்ஸ் போனில் கெஞ்சினான். இருபது நிமிஷ வேலை. முதல் வேஷத்திலேயே தகராறுக்காரி என்று பெயர் வாங்கினால் அடுத்த கதவு திறக்காது. தன்னால் எத்தனை பேரிடம்தான் சமாதானம் சொல்ல முடியும்?

லியான் போனாள். வெளியே நாற்காலியில் ஹேரியட் உட்கார்ந்திருந்தாள், பள்ளியில் கூடப் படித்தவள். மாற்றுக்குரல் அவள்தான். அவளுக்கு முகம் சிவந்துவிட்டது. "எனக்கு நீன்னு தெரியாதுடி, சத்தியமா," என்றாள். லியான் அவள் தோளைத் தட்டிவிட்டு உள்ளே போனாள்.

இருட்டறையில் திரை முழுக்கத் தன் முகம். மூன்று முறை மணியடிக்கும். நான்காவது அடிக்க வேண்டிய இடத்தில் பேச வேண்டும். பேசினாள். இன்னும் தெளிவாக என்று கண்ணாடிக்கு அப்பாலிருந்து டொமினிக் கேட்டார். மறுபடி பேசினாள். பியர்ஸ் சொன்ன கதவு கண்முன்னே தெரிந்தது. ஒரே ஒரு தடவை உதட்டைக் குவித்தால் போதும். வாய்க்கு அது தெரியாததும் இல்லை. ஆனால் மருத்துவமனைக்குத் தினம் கூப்பிடுகிற நானூறு பேரில் ஒருவர்கூட அவளிடம் புரியவில்லை என்று சொன்னதில்லை, நெஞ்சுவலியோடு கூப்பிட்டவர்கள்கூட. பதினொரு தடவை பேசினாள். பதினொன்றும் ஒரு மயிரிழை மாறவில்லை.

"லியான், நான் என்ன கேக்குறேன்னு உங்களுக்குப் புரியுதுல்ல?" என்றார் டொமினிக்.

"நல்லாப் புரியுது. நான் சொல்றதும் உங்களுக்குப் புரியுது. அப்புறம் என்ன தெளிவு வேணும்?"

அவளை அனுப்பிவிட்டு ஹேரியட்டை அழைத்தார்கள். ஹேரியட் அழகாகப் பேசினாள். நான்கு ஓவும் பளிங்குக் குண்டு. ஒலிப்பதிவைப் பார்த்துக்கொண்டிருந்த நசீம் என்ற பெண் ஓட்டிப் பார்த்தாள், நிறுத்தினாள், பின்னால் இழுத்து மறுபடி ஓட்டினாள். திரையில் லியானின் உதடு பக்கவாட்டில் இழுபடுகிறது. சத்தம் மட்டும் குவிந்து வருகிறது.

"குரல் ஒருத்தி, வாய் ஒருத்தின்னு தெரியுது சார். பொம்மலாட்டம் மாதிரி இருக்கு," என்றாள் நசீம். "பழையதே இருக்கட்டும்."

முழு வெற்றி என்று சொல்ல முடியாது. டொமினிக் முதல் வரியை வெட்டிவிட்டார். அந்த இடத்தில் துப்பறிகிறவரின் முதுகுதான் தெரிகிறது. மீதி இரண்டு வரி லியானின் சொந்தக் குரலில் போயிற்று. அடுத்த வாரம் பியர்ஸிடமிருந்து இரண்டு வரிக் கடிதம் வந்தது: இனி அவளுக்காக அவன் வேலை தேடுவதாக இல்லை. அன்று அவள் அழுதாள். பிறகு முகம் கழுவிக்கொண்டு மாலை வேலைக்குப் போய், நானூறு பேருக்குப் போன் எடுத்தாள்.

ஞாயிறு மாலை ஒளிபரப்பு. ஹல்லில் மாண்டி தொழிற்சாலைத் தோழிகள் பத்துப் பேரைக் கூட்டி வைத்துப் பார்த்தாள். திங்களன்று தையல் கூடத்தில் ஆளாளுக்கு 'ஃபெர்ன்' 'ஃபெர்ன்' என்று கூவிக்கொண்டே தைத்தார்களாம். மாண்டி போனில் அதைச் சொன்னாள். "நம்ம தெருக் கடையில நிக்கிற பிள்ளை மாதிரியே இருந்தடி," என்றாள் கடைசியில். இணையத்தில் எவனோ, அந்தச் சிப்ஸ் கடைக்காரி பேசுவதற்குத் திரையின் அடியில் எழுத்து போட்டிருக்கலாம் என்று எழுதியிருந்தான். லியான் அதை அச்செடுத்துக் கழிப்பறைக் கதவின் உட்புறம் ஒட்டிவைத்தாள்.

இப்போது முகவர் இல்லாமல் தானே நடிகர் தேர்வுகளுக்கு எழுதிப் போடுகிறாள். போன வியாழக்கிழமை ஒன்று. மருத்துவர் வேஷம், ஒரு தாய்க்குக் கெட்ட செய்தி சொல்கிற காட்சி. நீள அறையின் ஒரு கோடியில் மேசைக்குப் பின்னால் மூன்று பேர், மறுகோடியில் ஒரு நாற்காலி. லியான் உட்கார்ந்து படித்து முடித்தாள். நடுவில் இருந்த பெண் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினாள். மிக நன்றாக இருந்தது, ஆனால் சில சொற்கள் எங்கள் காதில் சரியாக விழவில்லை, அந்த உச்சரிப்பு இல்லாமல் இன்னொரு முறை கேட்கலாமா என்று இனிமையாகக் கேட்டாள்.

லியான் எழுந்தாள். நாற்காலியை ஒரு கையால் தூக்கிக்கொண்டு போய் அவர்களுடைய மேசையின் விளிம்பில் முழங்கால் இடிக்கிற தூரத்தில் போட்டாள். உட்கார்ந்தாள். முதல் சொல்லிலிருந்து, அதே குரலில், மறுபடி ஆரம்பித்தாள்.