ஓர்த்தான்ஸ் கழற்றித் தந்த கறுப்புத் திரை

பாரிஸில் எங்கள் தெருமுனையில் மீன் விற்ற ஓர்த்தான்ஸுக்கு வாய் நீளம். யாராவது மீனை முகர்ந்து பார்த்துவிட்டால் போதும், "மூக்கை எடுடி! அது உன் புருஷனைவிட நல்லா இருக்கு" என்று கத்துவாள். மிந்த்லா என்ற என் அம்மாவோடு சண்டை போட்டுப் போட்டே சிநேகிதியாகிவிட்டாள்.

அப்பா பிரெஞ்சுக் குடிமகன், இந்த நாட்டுக்காகத் துப்பாக்கி பிடித்தவர். பாரிஸ் ஜெர்மன்காரன் பிடியில் இருந்த ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்தொன்றில், யூதர் என்று சொல்லி அவரைப் பிடித்துப்போனது ஜெர்மன்காரன்கூட இல்லை, எங்கள் ஊர்ப் போலீஸ். எனக்கு இன்றும் வயிறு எரிகிறது. அம்மா அழவே இல்லை. "அழுதா அவர் போயிட்டார்னு ஆயிடும்" என்பாள்.

நாற்பத்திரண்டு ஜூலையில் எங்களைத் தேடி வந்தார்கள். தெருவின் இரு முனையிலும் போலீஸ் நிற்க, வீடுவீடாகக் கதவைத் தட்டினார்கள். அன்று ஓர்த்தான்ஸின் கணவருக்கு அடக்கம். அவள் வாசலில் சவவண்டி தயாராக நின்றது. அவளோ எங்கள் வீட்டுக்குள் பாய்ந்து வந்து, தன் கறுப்பு விதவைத் திரையைக் கழற்றி அம்மாவின் தலையில் போட்டாள். முகத்தையும், யூதர் என்று காட்டச் சட்டையில் தைத்திருந்த மஞ்சள் நட்சத்திரத்தையும் அது மூடிவிட்டது. என்னைத் தன் சால்வைக்குள் இழுத்துக்கொண்டாள்.

"பாவம் மதாம், உங்க புருஷனோட வண்டிக்குப் பின்னால நீங்கதானே முதல்ல நடக்கணும்!" என்று அம்மா தடுத்தாள்.

"அந்த மனுஷன் உயிரோட இருந்தப்பவே என் பேச்சை மீறினதில்ல. வாயை மூடிட்டு நடடி!"

வண்டிக்குப் பின்னால் அம்மா முதலில் நடந்தாள். அக்கம்பக்கத்தார் வாய் திறக்கவில்லை, புண்ணியவான்கள்! சவம் போனால் எப்பேர்ப்பட்டவனும் தொப்பியில் கை வைப்பது எங்கள் ஊர் வழக்கம். போலீஸ்காரர்கள் வழிவிட்டு சல்யூட் அடித்தார்கள். விதவையின் திரையை விலக்கிப் பார்க்க எவனுக்குத் துணிச்சல் வரும்?

கல்லறையில் பாதிரியார் புனித நீர் தெளிக்கும் கோலை அம்மாவிடம் நீட்டினார். முதலில் தெளிப்பது விதவைதான். அம்மா பதறிப்போய் அதை ஓர்த்தான்ஸிடம் கொடுக்கப் போனாள். கல்லறைத் தோட்டத்து வாசலில் ஒரு போலீஸ்காரன் பார்த்துக்கொண்டிருந்தான்.

ஓர்த்தான்ஸ் அவள் கையை அழுத்திப் பிடித்தாள். "நீயே தெளிடி. உன் புருஷனை நெனச்சு அழு" என்றாள்.

அம்மா அழுதாள். ஒரு வருஷத்து அழுகை! வாசலில் நின்றவன் தொப்பியைக் கழற்றினான்.

அங்கிருந்தே ஓர்த்தான்ஸின் தங்கை எங்களைத் தன் கிராமத்துக்குக் கூட்டிப்போய் ஒளித்து வைத்தாள். பிழைத்தோம். அந்த மகராசிகளுக்கு நான் எப்படி நன்றி சொல்வேன்?

அப்பா திரும்பவே இல்லை. அவருக்குக் கல்லறையும் இல்லை. ஓர்த்தான்ஸ் தன் கணவரின் அடக்கத்தில் பங்கு கொடுத்தாளே, அவருக்கு நடந்த அடக்கம் அது ஒன்றுதான்.